எனக்குக் குரல் கொடுத்தவர்

ஜனவரி 9

ஓர் இயக்குநர் என்னைத் தேடி வந்தது இதுதான் முதல் தடவை. இதுவரை எல்லாம் தொலைபேசியில்தான் நடந்தது. நாளை காலை ஏழு மணி, கறுப்புக் காற்சட்டை, வெள்ளைச் சட்டை, சப்பாத்து உங்களுடையது என்று சொல்லி வைத்துவிடுவார்கள்.

இவருடைய பெயர் சிமோனா லகானா. முப்பத்தைந்து வயதிருக்கும். நான் வாசற்காவல் பார்க்கும் கட்டடத்தின் படிகளைக் கழுவிக்கொண்டிருந்தபோது வந்தார். ஈரப் படியில் கால் வைக்காமல் கீழேயே காத்து நின்றார். அதிலேயே எனக்கு அவரைப் பிடித்துவிட்டது.

படத்தில் நான் ஒரு தகப்பன். மகன் ஏறிவந்த படகைப் பற்றி விசாரிக்க ஒவ்வொரு கிழமையும் துறைமுக அலுவலகத்துக்குப் போகிறவன். ஐந்து காட்சிகள். கடைசிக் காட்சியில் நான் பேசுகிறேன், கதாநாயகன் கேட்டுக்கொண்டிருக்கிறான். சிமோனா அதைச் சொன்னபோது நான் தும்புத்தடியைச் சுவரில் சாத்தி வைத்தேன்.

பலர்மோவுக்கு வந்து முப்பது வருடமாகப் போகிறது. இத்தாலியப் படங்களில் தலைகாட்டத் தொடங்கி இருபதுக்கு மேல். பூ விற்றிருக்கிறேன். மேசை துடைத்திருக்கிறேன். இரண்டு தடவை சுட்டுக் கொல்லப்பட்டிருக்கிறேன். ஒரு தடவை மகாராசாவாக வந்தேன், ஆனால் யானைக்குக் காசில்லை என்று நடந்து வரச் சொன்னார்கள். துணை நடிகன் என்று சொல்லிக்கொள்ள நான் ஒருநாளும் கூசியதில்லை. கதாநாயகன் கதவைத் தட்டினால் திறப்பதற்கு ஓர் ஆள் வேண்டும். அந்தக் கதவை நான் ஒழுங்காகத் திறந்திருக்கிறேன்.

பின்னேரம் மனைவி மங்களேஸ்வரியிடம் கதையைச் சொன்னேன். மீன் வெட்டிக்கொண்டிருந்தவள் கத்தியைக் கீழே வைத்தாள்.

"படக்காரருக்கு உங்கட தம்பியைப் பற்றிச் சொன்னனீங்களோ?"

இல்லை என்றேன். இது நடிப்பு, அதெல்லாம் எதற்கு. பிறகு மீனை இருவருமாகக் கழுவினோம். நல்ல சூடை.

ஜனவரி 12

ஒப்பந்தத்தில் கையெழுத்து வைத்தேன். மூன்றாம் மாடிக் குப்பை வாளி உடைந்துபோயிற்று.

பெப்ரவரி 2

முதல் நாள் படப்பிடிப்பு. உடை மாற்றும் அறைக் கதவில் தில்லோ என்று என் பெயர் ஒட்டியிருந்தது. தில்லைநடராசா என்பது இவர்கள் வாய்க்குள் அடங்காது, தில்லோ அடங்கும். கதவைப் படம் பிடித்து ஆரபிக்கு அனுப்பினேன். மகள் இப்போது மிலானில் தாதியாக இருக்கிறாள். வேலை முடிந்ததும் அழைப்பு எடுத்தாள். சந்தோசப்பட்டாள். பிறகு, "இந்த முறையாவது உங்கட குரல் வருமோ அப்பா?" என்று கேட்டாள்.

இதை எழுதத்தான் வேண்டும். படங்களில் எனக்கு வருவது என் குரல் அல்ல. இந்த நாட்டில் நடிகனுக்கு வேறொருவர் குரல் கொடுப்பது புதுமையில்லை, பெரிய பெரிய நடிகர்களுக்கே கொடுத்திருக்கிறார்கள். நான் இத்தாலிய மொழியைப் பலர்மோவின் சந்தையில் கற்றேன். கண்ணை மூடிக்கொண்டு கேட்டால் நான் இந்தத் தெருவில் பிறந்தவன். அந்தப் பேச்சு என் முகத்துக்குப் பொருந்தவில்லையாம். ரோமில் ரென்சோ கார்ப்பி என்று ஒருவர், பதினொரு படத்தில் அவர்தான் என் குரல். எனக்கென்றே கொஞ்சம் தடக்கித் தடக்கிப் பேசுகிற ஒரு வெளிநாட்டுப் பேச்சை உண்டாக்கி வைத்திருக்கிறார். நான் அவரைப் பார்த்தது கிடையாது.

ஆரபிக்கு ஐந்து வயதிருக்கும்போது என்னுடைய படம் ஒன்று தொலைக்காட்சியில் போனது. அவள் பெட்டியைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள், "அப்பா, உங்கட வாய்க்குள்ள இருக்கிற மாமா ஆர்?" என்று கேட்டாள். வீட்டுக்கு வந்திருந்த எல்லாரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன்.

பெப்ரவரி 15

கடைசிக் காட்சி இன்று எடுத்தார்கள். காலையிலிருந்து மழை. துறைமுக அலுவலகம் போலவே ஓர் அறையைக் கட்டியிருந்தார்கள்.

துறைமுக அதிகாரியாக நடிக்கிற ரூஜெரோ வல்லிதான் கதாநாயகன். வீதியில் போனால் கூட்டம் கூடும் ஆள். என்னிடம் மரியாதையாக நடந்தார். ஒத்திகையில் எல்லாம் எழுதியபடி போனது. மகனைப் பற்றி நான் பேசுகிறேன். அவன் எப்படி நடப்பான், எதைச் சாப்பிட மாட்டான், யார் சொன்னால் கேட்பான். பிறகு படகு வந்ததா என்று கேட்கிறேன். இல்லை என்கிறார். நான் நன்றி சொல்லிவிட்டுத் தொப்பியைப் போட்டுக்கொண்டு வெளியே போகவேண்டும். அதோடு காட்சி முடிகிறது.

கமரா ஓடும்போது நான் கதவு வரைக்கும் போனேன். கைபிடியைத் தொட்டேன். பிறகு திரும்பி வந்தேன். தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு சொன்னேன்: "பெரிய கப்பல் இல்லை ஐயா, சின்னது. வேறு பெயரில் எழுதியிருப்பீர்கள். ஒருமுறை பாருங்கள்."

இது தாளில் இல்லை. வல்லி நல்ல நடிகர். முன்னாலிருந்த பதிவுப் புத்தகத்தை விரித்து விரலை வைத்து மேலிருந்து கீழே உண்மையாகவே தேடினார். சிமோனா நிறுத்தச் சொல்லவில்லை. அவர் தேடி முடியும் வரைக்கும் நான் நின்றேன். வந்திருக்கும் என்றுதான் நின்றேன்.

முடிந்ததும் யாரும் கைதட்டவில்லை. விளக்குப் பிடித்த மனிதர் மட்டும் சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டார். சிமோனா வந்து, திரும்பி வரவேண்டும் என்று உங்களுக்கு எப்படித் தோன்றியது என்று கேட்டார். நடிகனுக்கு அப்படித் தோன்றுவது உண்டு என்றேன். உண்மைதானே. இருபது வருட அனுபவம் என்றால் சும்மாவா. இன்றைக்கு நான் செய்ததை இந்த நாட்டில் எத்தனை பேர் செய்வார்கள் என்று எண்ணிக்கொண்டு வீட்டுக்கு வந்தேன்.

ஏன் கடற்கரை வீதியால் வராமல் சுற்றி வந்தீர்கள் என்று மங்களேஸ்வரி கேட்டாள். பேருந்து அப்படித்தான் போனது.

பெப்ரவரி 16

சளி. படி கழுவவில்லை. யாரும் ஒன்றும் சொல்லவில்லை.

ஏப்ரல் 3

சிமோனா தொலைபேசியில் அழைத்தார். குரல் ஒரு மாதிரி இருந்தது. எனக்கு வேறு குரல் போடுவதென்று படத்துக்குப் பணம் போட்டவர்கள் முடிவெடுத்துவிட்டார்களாம். முகம் ஓரிடம், பேச்சு பலர்மோ, பார்க்கிறவர்கள் குழம்பிவிடுவார்கள் என்கிறார்களாம். தன்னால் ஆனமட்டும் சண்டை பிடித்ததாகச் சொன்னார். நான் அவரைத் தேற்றினேன். ரென்சோ கெட்டிக்காரர், என்னை நன்றாகவே செய்வார் என்றேன்.

பிறகு வாசல் கதவின் பித்தளைப் பிடியை மினுக்கினேன். நேரம் இருந்தபடியால் தபால் பெட்டிகளையும் மினுக்கினேன். அதற்குப் பிறகு படிக்கட்டுக் கம்பிகளையும்.

ஏப்ரல் 19

மத்தியானம் தெரியாத எண்ணிலிருந்து அழைப்பு. காற்றுப் போல ஒரு சத்தம் மட்டும் கேட்டது. யாரோ விளையாடுகிறார்கள் என்று வைக்கப் போனேன். அப்போதுதான் அந்தக் காற்றுக்குள் என் பெயர் கேட்டது.

"தில்லோ. நான் ரென்சோ கார்ப்பி."

நாற்காலியை இழுத்துப்போட்டு உட்கார்ந்தேன். தொண்டையில் சத்திரசிகிச்சை செய்திருக்கிறார்களாம். இனி இவ்வளவுதான் சத்தம் வரும் என்று வைத்தியர் சொல்லிவிட்டாராம். முதல் வார்த்தையிலிருந்தே என்னை நீ என்றார். அது எனக்கு உறுத்தவில்லை.

தொழிலைப் பற்றி நான் அறியாத ஒன்றைச் சொன்னார். டப்பிங் அறையில் குரல் கொடுக்கிறவர் காதுக்குள் நடிகனின் சொந்தக் குரலைத்தான் ஓடவிடுவார்களாம். அதைக் கேட்டுக் கேட்டுத்தான் இவர் பேசவேண்டும்.

"பதினெட்டு வருசமா உன் குரல் என் காதுக்குள்ள இருக்கு. உன் மனைவியை விட்டால் உன்னை இவ்வளவு கேட்டவன் நான்தான்."

கடைசிக் காட்சியை ஆஸ்பத்திரிக் கட்டிலில் வைத்துக் கேட்டாராம். நீங்கள் அதற்கும் டப்பிங் செய்திருப்பீர்களா என்று கேட்டேன்.

"செய்திருப்பேன். அது என் பிழைப்பு. நல்லாவும் செய்திருப்பேன். இப்போ முடியாது. உனக்குக் குரல் தேடி அடுத்த வியாழன் ரோமில் தேர்வு வைக்கிறாங்க. நீ வா."

என் குரலுக்கு நானே தேர்வுக்குப் போவதா என்று சிரித்தேன். அவரும் சிரித்திருக்கவேண்டும், காற்று விட்டுவிட்டு வந்தது.

ஏப்ரல் 26

நாளைக்குப் புறப்படுகிறேன். இரண்டு நாளைக்கு என் படிகளை மங்களேஸ்வரி கழுவுவாள். ஒரு கிழவியைப் பராமரிக்கும் வேலை அவளுக்கு. அது முடிந்து வந்து இதையும் செய்யவேண்டும். நான் கேட்கவில்லை, அவளாகவே சொன்னாள். என் நல்ல சட்டையை அயன் பண்ணிக்கொண்டிருந்தாள். குரலுக்கு எதற்குச் சட்டை என்று கேட்டேன்.

"அங்க ஆக்கள் இருப்பினம்தானே."

ஏப்ரல் 27

மெசினாவில் ரயிலைப் பெட்டி பெட்டியாகக் கப்பலுக்குள் ஏற்றினார்கள். கடலைக் கடந்து மறுகரையில் இறக்குவார்கள். எல்லாரும் மேல்தளத்துக்குக் கடல் பார்க்கப் போனார்கள். நான் பெட்டிக்குள்ளேயே இருந்தேன். மேலே குளிர்.

ஏப்ரல் 28

ரோம். ஒரு சந்துக்குள் இருக்கிற பழைய கட்டடம். உள்ளே போனால் வெளிச் சத்தம் ஒன்றும் இல்லை.

என்னோடு இன்னும் இரண்டு பேர், இருவரும் தொழில்காரர்கள். ஒருவர் என் மகாராசாவைப் பார்த்திருக்கிறார். தேர்வை நடத்தியவர் பாவ்லோ என்ற டப்பிங் நெறியாளர். நரைத்த தாடி. முகம் பார்த்தால் மனம் சாயும் என்று, ஆட்களைப் பார்க்காமல் அடுத்த அறையில் கண்ணை மூடிக்கொண்டு கேட்பாராம். சிமோனா அவர் பக்கத்தில். எங்கள் அறையின் பின்வரிசையில் கழுத்தில் கம்பளித் துண்டு சுற்றிய ஒரு மெலிந்த மனிதர். ரென்சோ அவர்தான் என்று யாரும் சொல்லவேண்டியிருக்கவில்லை. என்னைக் கண்டதும் எழுந்து நின்றார்.

முதலாமவர் பேசினார். நல்ல குரல். எனக்கே அழுகை வரும்போல இருந்தது. இரண்டாமவர் அதைவிட நன்றாகப் பேசினார். பிறகு நான். திரையில் நானே தொப்பியோடு நிற்கிறேன். என் வாய் அசையும்போது என் வாயை அசைக்கவேண்டும். சுலபம் என்று நினைத்தேன், சுலபமில்லை. இரண்டு தடவை முந்திப்போனேன். மூன்றாம் தடவை சரிவந்தது.

ஒலிபெருக்கியில் பாவ்லோவின் குரல் வந்தது. முதல் இருவரும் அபாரம் என்றார். "மூன்றாவது ஆள் மோசமில்லை. ஆனால் திரையில் இருக்கிற மனிதர் மாதிரி இல்லை."

சிமோனா ஏதோ சொல்லத் தொடங்குவதும் ஒலிபெருக்கியில் கேட்டது. அதற்குள் ரென்சோ எழுந்து என்னிடம் வந்து ஒலிவாங்கிக்கு முன்னால் குனிந்து பேசினார். அந்தக் காற்றுச் சத்தம் அடுத்த அறைக்கு எட்டவில்லை. யார் பேசுவது, என்ன என்று பாவ்லோ கேட்டார். ரென்சோ என் தோளைப் பிடித்து, நான் சொல்வதை நீ சத்தமாகச் சொல் என்றார். அப்படியே செய்தோம். அவர் என் காதுக்குள் சொன்னார், நான் உரக்கச் சொன்னேன்.

"பேசுவது ரென்சோ கார்ப்பி. முதல் இரண்டு பேரும் படகு வராது என்று தெரிந்துகொண்டு கேட்கிறார்கள். நானும் அப்படித்தான் கேட்டிருப்பேன். இந்த ஆள் படகு வந்துவிட்டது என்று நம்பிக்கொண்டு கேட்கிறான். இன்னொரு தடவை கேள், பாவ்லோ."

என்னைப் பற்றி நானே இப்படி உரக்கச் சொல்ல வெட்கமாக இருந்தது. ஆனாலும் ஒரு வார்த்தையையும் விடாமல் சொன்னேன்.

பாவ்லோ மறுபடி போட்டுக் கேட்டார். பிறகு எங்கள் அறைக்கு வந்தார். அப்போதுதான் திரையில் இருந்தவன் நான் என்று கண்டார். சிரிக்கவில்லை. ஏன் அப்படிக் கேட்டீர்கள் என்று மட்டும் கேட்டார். எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். நான் சொல்லவேண்டியதைச் சொன்னேன். அதை இங்கே எழுதத் தேவையில்லை.

முடிவைப் பிறகு சொல்வார்கள். ரென்சோ ரயில் நிலையம் வரைக்கும் வந்தார். வழியெல்லாம் கையைப் பிடித்துக்கொண்டு வந்தார்.

மே 4

என் குரல் எனக்கே கிடைத்துவிட்டது. சிமோனா சொன்னபோது நான் மீன் சந்தையில் நின்றேன். மீன்காரனிடம் சொன்னேன். பக்கத்துக் கடைக்காரனிடமும் சொன்னேன். உன் குரலை உனக்கே தந்ததற்கு இவ்வளவு ஆரவாரமா என்று அவன் கேட்டான். ஓம் என்றேன். இறால் வாங்கினேன்.

செப்டம்பர் 14

இன்று பலர்மோவில் படம் போட்டார்கள். ஆரபி விமானத்தில் வந்துவிட்டாள். மங்களேஸ்வரி நீலப் பட்டுச் சேலை உடுத்திக்கொண்டு வந்தாள். என் படம் எதையும் அவள் கொட்டகையில் பார்த்ததில்லை. கேட்டால், "போற படமெல்லாம் உங்களைச் சுடுகினம், அதைப் பாக்க நான் காசு குடுக்கிறதோ" என்பாள்.

நான் திரையில் முதல் வார்த்தை பேசியதும் கொட்டகையில் சிரிப்பு எழுந்தது. இந்த முகத்திலிருந்து தங்கள் வீட்டுப் பேச்சு வந்ததும் சிரித்தார்கள். அது கேலி இல்லை என்று எனக்குத் தெரியும், ஆனாலும் நாற்காலியில் தாழ்ந்து உட்கார்ந்தேன். இரண்டாம் காட்சியில் சிரிப்பு குறைந்தது. மூன்றாவதில் இல்லை. கடைசிக் காட்சியில் நான் கதவிலிருந்து திரும்பி வந்தபோது இருமல்கூடக் கேட்கவில்லை. வல்லி புத்தகத்தில் விரலை வைத்துத் தேடினார். கொட்டகை முழுவதும் அவரோடு தேடியது.

மங்களேஸ்வரி என் மணிக்கட்டைப் பிடித்தாள். திரையிலிருந்து கண்ணை எடுக்காமல் கேட்டாள்.

"குகனுக்காகவும் இப்பிடித்தான் போய்க் கேட்டனீங்களோ?"

"ஓம்."

"எனக்கு வேலைக்குப் போறன் எண்டெல்லோ சொல்லிப்போட்டுப் போனனீங்கள்."

அவள் கையை எடுக்கவில்லை. அடுத்த பக்கத்தில் இருந்த ஆரபி எங்கள் இருவரையும் பார்த்தாள். வெளியே வந்து அவளுக்குச் சொன்னேன். இங்கேயும் எழுதிவிடுகிறேன். எனக்குக் குகன் என்று ஒரு தம்பி இருந்தான். நான்தான் அவனை இங்கே வரச் சொன்னேன். அவன் ஏறிய படகு வரவில்லை. அந்த மாரிகாலம் முழுவதும் நான் துறைமுகத்துக்குப் போய்க் கேட்டேன். ஒவ்வொரு தடவையும் வந்திருக்கும் என்று நினைத்துக்கொண்டுதான் போனேன்.

ஆரபி நடுவீதியில் என்னைக் கட்டிக்கொண்டாள். அவளைக் கூட்டிக்கொண்டு கடற்கரை வீதியால் நடந்து வந்தோம். வழியில் ஒரு வயதான பலர்மோக்காரர் என்னை நிறுத்திக் கைகொடுத்தார். நீங்கள் எந்தத் தெரு என்று கேட்டார். சொன்னேன். தெரிந்த தெருதான் என்றார்.

நவம்பர் 20

பாவ்லோ அழைத்தார். ஒரு கிரேக்கப் படத்துக்கு இத்தாலிய டப்பிங் நடக்கிறதாம். அதில் கதாநாயகியின் தகப்பனாக ஒரு கிழவர் வருகிறார். அவருக்கு நான் குரல் கொடுக்கவேண்டுமாம். தவறாக விளங்கிவிட்டதோ என்று மறுபடி கேட்டேன். முகமா, குரலா? குரல்தான் என்றார். கிரேக்கருக்கா? கிரேக்கருக்குத்தான். பலர்மோப் பேச்சை எப்படி வைப்பது என்று கேட்டேன். அவரும் துறைமுகத்துக் கிழவர்தான், கொஞ்சம் இருக்கட்டும் என்றார்.

மங்களேஸ்வரியிடம் சொன்னேன். உடனே அயன் பண்ணச் சட்டையை எடுத்தாள்.

டிசம்பர் 12

ரோம். இந்த முறை கப்பலில் மேல்தளத்துக்குப் போனேன். நல்ல வெயில், நல்ல காற்று. மறுகரை தெரியும் வரைக்கும் நின்றேன்.

டப்பிங் அறையில் என் பக்கத்து நாற்காலியில் ரென்சோ. எங்கே மூச்சு விடவேண்டும், எங்கே உதடு மூடுகிறது என்று விரலால் காட்டினார். திரையில் அந்தக் கிழவர். எழுபது தாண்டியிருக்கும், தடித்த புருவம். யார் என்று கேட்டேன். பெரிய பெயரில்லை, நாற்பது வருடமாகத் தன் நாட்டுப் படங்களில் மீனவர், கடைக்காரர், சாட்சிக்காரர் என்று வந்துபோகிறவர் என்று பாவ்லோ சொன்னார். இங்கே அவரை ஒருவருக்கும் தெரியாதாம்.

காதில் கருவியை மாட்டிக்கொண்டேன். கிழவர் பேசினார். ஒரு சொல்லும் விளங்காத மொழி, கரகரத்த குரல், உப்புத் தண்ணீரில் ஊறியது போல. அறையில் வேறு யாருக்கும் அது கேட்காது. எனக்கு மட்டும்தான். அவர் மகளைச் சாப்பிடக் கூப்பிடுகிறார். அவள் கோபித்துக்கொண்டு படகுத்துறையில் நிற்கிறாள். இவர் கோபத்தைக் கவனிக்காதது போலச் சோறு ஆறிப்போகிறது என்கிறார். சொல்லும்போது நடுவில் இருமுகிறார். பிறகு மறுபடி கூப்பிடுகிறார்.

நான் பல தடவை கேட்டேன். பிறகு அவருடைய வாய் திறந்தபோது நானும் திறந்தேன். நான்காம் தடவை சரிவந்தது. ரென்சோ என் முழங்காலில் தட்டினார்.

பாவ்லோவுக்கும் பிடித்திருந்தது. ஒரேயொரு சிறு திருத்தம் சொன்னார். நடுவில் வரும் இருமல் வேண்டாம், விட்டுவிடலாம், யாரும் கவனிக்கப்போவதில்லை என்றார்.

முடியாது என்றேன். அது அவருடைய இருமல்.